ட்ரூடா ஏறிய ஏணி

ட்ரூடாவை எங்கள் சுரங்கத்தில் எல்லாரும் தொடைநடுங்கி என்பார்கள். நானும் சொல்லியிருக்கிறேன், அவள் முகத்துக்கு நேராகவே. எத்தனையோ வருஷம் ஒரே ஜன்னலுக்குப் பின்னால் அவளோடு நின்று ஆட்களுக்கு விளக்கு கொடுத்தவள் நான். எனக்கு அந்த உரிமை உண்டு. இடி என்றால் பயம், நாய் என்றால் பயம், லிஃப்டு என்றால் பயம். வீட்டில் பல்பு போய்விட்டால் நாற்காலி மேல் ஏற மாட்டாள். "லிட்கா, கொஞ்சம் வந்துட்டுப் போடி" என்று எனக்குப் போன் வரும். நான் போய் ஏறி மாற்றிவிட்டு, அவள் தரும் காப்பியைக் குடித்துவிட்டு, நாலு திட்டுத் திட்டிவிட்டு வருவேன்.

சிலேசியா என்ற எங்கள் கரிச் சீமையில் பிறந்து, நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை பார்த்துக்கொண்டு, பயந்தாங்கொள்ளியாகவும் இருப்பது பெரிய தொல்லை. எங்கள் ஊர்த் தரைக்கடியில் முழுக்கத் தோண்டிய பாதைகள். அதனால் தரை அவ்வப்போது குலுங்கும். அலமாரியில் கோப்பைகள் ஆடும், சுவரில் விரிசல் விடும். மற்ற ஊர்க்காரர்கள் வீட்டை விட்டு வெளியே ஓடுவார்கள். நாங்கள் சூப்பு சிந்தாமல் தட்டைப் பிடித்துக்கொண்டு, இன்றைக்கு நம்மவன் கீழே இருக்கிறானா மேலே இருக்கிறானா என்று யோசிப்போம். அதற்கு விடை தெரிந்த இடம் எங்கள் விளக்கறை ஒன்றுதான்.

எங்கள் வேலை சுலபமானது. கீழே இறங்குகிறவன் ஜன்னலுக்கு வந்து "கடவுள் துணை" என்பான். அவன் எண் போட்ட விளக்கை எடுத்துத் தருவோம். ஏறி வந்ததும் திருப்பிக் கொடுப்பான். மாட்டியில் விளக்கு தொங்கினால் ஆள் மேலே. மாட்டி காலியாக இருந்தால் ஆள் கீழே. விளக்கின் பேட்டரிப் பெட்டிக்குள் ஒரு சின்னக் கருவி வேறு இருக்கிறது. ஆள் பாறைக்குள் புதைந்துபோனாலும் அது விடாமல் சத்தம் கொடுத்துக்கொண்டிருக்கும். மீட்புப் படைக்காரர்கள் காதில் மாட்டிக்கொள்ளும் கருவியில் அது கேட்கும். எங்கே சத்தமோ அங்கே ஆள். அந்தப் பக்கம் தோண்டுவார்கள்.

விளக்கறைப் பெண்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. தன் வீட்டு ஆணுக்குத் தன் கையால் விளக்கு எடுத்துக் கொடுக்க மாட்டோம். அடுத்தவள்தான் கொடுக்க வேண்டும். ட்ரூடாவின் புருஷன் அலோய்ஸுக்கு எப்போதும் நான்தான் கொடுப்பேன். ஒரு நாள் நான் பல் பிடுங்கப் போய்விட்டேன். ஜன்னலில் ட்ரூடா தனியாக இருந்தாள். அவளே எடுத்துக் கொடுத்தாள். அன்றைக்கு நிலம் குலுங்கியது. அலோய்ஸ் திரும்பி வரவில்லை. நான் இதற்கு மேல் சொல்லப் போவதில்லை. அதன் பிறகு வேலை நாளில் நான் பல் டாக்டரிடம் போனதில்லை.

மிஞ்சியவன் ஒரே மகன், ஆஹிம். எங்காவது போய்விடு, கடலோரத்துக்குப் போ, காற்றாலையில் வேலை பார், பேக்கரியில் மாவு பிசை என்று கெஞ்சிப் பார்த்தாள். அவன் சுரங்கத்தில் சேர்ந்தான். அதோடு விட்டானா, மீட்புப் படையிலும் பேர் கொடுத்தான். எல்லாரும் வெளியே ஓடி வரும்போது உள்ளே போகிற கூட்டம் அது. அன்றிலிருந்து ட்ரூடா சரியாகத் தூங்கியதில்லை. ஒரு குளிர்காலத்தில் தரை அடிக்கடி குலுங்கிக்கொண்டிருந்தது. அவளால் தாங்க முடியவில்லை. விளக்கறைத் தரையில் படுத்துக்கொண்டு, "எனக்கு மாரடைப்புனு போன் போடுடி" என்றாள். நானும் போட்டேன். ஆஹிமைக் கீழேயிருந்து அவசரமாக ஏற்றி அனுப்பினார்கள். அவன் மூச்சிரைக்க ஓடி வந்தபோது அம்மாக்காரி நாற்காலியில் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தாள். பொய்யாவது ஒழுங்காகச் சொல்லத் தெரிய வேண்டாமா? சுரங்கமே சிரித்தது. சுரங்கக்காரர்களைக் காக்கிற பார்பரா தாயார் திருநாள் வரைக்கும் ஆஹிம் அவளோடு பேசவில்லை.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், அந்தப் பொய்யை யாரும் மறக்கவில்லை.

எங்கள் ஜன்னலில் ஒரு ரேடியோ ஓடிக்கொண்டிருக்கும். நாட்டு மின்சாரத்தில் நிலக்கரி எவ்வளவு, காற்று எவ்வளவு, வெயில் எவ்வளவு என்று அதில் சொல்வார்கள். நான் பள்ளிக்கூடம் போன காலத்தில் எரிந்த விளக்கெல்லாம் கிட்டத்தட்ட நிலக்கரிதான். இப்போது பாதிக்குக் கொஞ்சம் மேல். அதிலும் ஒரு பங்கு, நாட்டின் நடுவில் திறந்த குழிகளில் வெட்டும் பழுப்புக்கரி. வெயில் நன்றாக அடிக்கிற நாளில் எங்கள் அனல்மின் நிலையத்தைக் குறைத்து ஓட்டச் சொல்வார்கள். கரி மலை மாதிரி குவிந்து கிடக்கும். வடக்கே கடலோரத்தில் அணு உலை வரப்போகிறது என்றார்கள். எங்கள் சுரங்கத்தை மூடுவதற்கும் நாள் குறித்துவிட்டார்கள். ஆட்கள் வரிசையில் நின்றபடி இதைக் கேட்டு வாய்க்கு வந்ததைச் சொல்வார்கள்.

அந்த வரிசையில் எப்போதும் சேர்ந்து நிற்பவர்கள் ரூஃபினும் எர்வினும். இருவரும் ஒரே இடத்தில் ஜோடியாக வேலை பார்த்தவர்கள். எர்வின், ஆஹிமோடு சேர்ந்து புறா வளர்த்து வளர்ந்தவன். ட்ரூடாவை அத்தை என்பான். சனிக்கிழமைகளில் ஒரு ஒப்பந்தக்காரனிடம் போய் வீட்டுக் கூரைகளில் சூரியத் தகடு மாட்டுவான். அது ஊருக்கே தெரியும்.

"நான் மண்ணுக்குள்ள இருந்து கரண்ட் எடுக்கறேன், இந்தத் துரோகி வானத்துல இருந்து எடுக்கறான்," என்பான் ரூஃபின். "நடுவுல நம்ம ட்ரூடா அத்தை வீட்ல பல்பு எரியுது."

"எரிஞ்சா மட்டும் போதுமா," என்பேன் நான். "போனா மாத்தறது யாரு? நான்தானே."

"நீங்க கவலப்படாதீங்க அத்த," என்பான் எர்வின். "சுரங்கத்த மூடட்டும், உங்க கூரைக்கு ஓசியிலயே மாட்டித் தரேன்."

"கூரையா," என்று ட்ரூடா அதற்கும் பயப்படுவாள். "நீ விழுந்து கிழுந்து தொலைக்காதடா."

அந்த மே மாத நாள் காலையில் ரூஃபின் மட்டும் ஜன்னலுக்கு வந்தான். நல்ல வெயில். நான் உள்ளே பேட்டரிகளைத் துடைத்துக்கொண்டிருந்தேன். அவன் சொன்னது எனக்கும் கேட்டது.

"அத்த, எர்வினுக்கு வயித்தக் கலக்குது. கக்கூஸ்ல உக்காந்திருக்கான். அவன் விளக்கையும் குடுங்க, நான் எடுத்துட்டுப் போறேன்."

ட்ரூடா கொடுத்தாள். யாராக இருந்தாலும் கொடுத்திருப்போம். ஜோடியாக வேலை பார்க்கிறவர்கள் ஒருத்தனுக்கு ஒருத்தன் விளக்கு வாங்குவது எங்கள் சுரங்கத்தில் நடக்கிறதுதான். சட்டத்தில் அப்படி இல்லை. ஆனால் வரிசையில் பின்னால் நிற்கிறவன் கத்துவான், லிஃப்டு மணியடிக்கும், கொடுத்துவிடுவோம்.

ரேடியோவில் வானிலை சொல்லிக்கொண்டிருந்தபோது தரை குலுங்கியது. எப்போதும் போல இல்லை. மாட்டிகளில் தொங்கிய விளக்குகள் எல்லாம் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன. ட்ரூடா மேசைக்கடியில் போய்விட்டாள். சிரிக்க எனக்குத் தோன்றவில்லை. நானும் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டேன்.

பிறகு ஆட்கள் ஏறி வர ஆரம்பித்தார்கள்.  ஒவ்வொருவனாக வந்து விளக்கை வைத்தான், நாங்கள் மாட்டினோம். மாட்டிகள் நிரம்பிக்கொண்டே வந்தன. கடைசியில் அந்தப் பகுதியில் இரண்டு மட்டும் காலியாக நின்றன. ரூஃபின், எர்வின்.

மீட்புப் படை வந்தது. ஆஹிமுக்கு விளக்கை நான்தான் கொடுத்தேன். ட்ரூடா சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டாள்.

"அம்மா," என்றான் அவன்.

"போ," என்றாள் திரும்பாமலேயே.

கொஞ்ச நேரத்தில் சேதி வந்தது. ரூஃபினைக் கண்டெடுத்துவிட்டார்கள். உயிர் இருக்கிறது, நினைவில்லை. எர்வினின் விளக்குச் சத்தம் அவனுக்கும் அப்பால், சரிந்த பாறைக்குப் பின்னாலிருந்து கேட்கிறது. இயந்திரம் வைத்தால் மேற்பாறை இறங்கிவிடும் என்பதால், படுத்துக்கொண்டே கையால் கல்லை எடுத்துத் தோண்டுகிறார்கள். முன்னால் படுத்திருப்பவன் ஆஹிம். மறுபடி குலுங்கும் என்று நில அதிர்வை அளக்கிறவர்கள் சொல்கிறார்கள். எப்போது என்று சொல்லத் தெரியவில்லை.

ட்ரூடா என் கையைப் பிடித்துப் பின்னறைக்கு இழுத்துக்கொண்டு போனாள். 

"லிட்கா, நான் எர்வின் முகத்தப் பாக்கலடி."

"என்ன சொல்ற?"

"காலைல அவன நான் பாக்கல. நீ பாத்தியா? ரூஃபின்தான் ரெண்டு விளக்கையும் வாங்கிட்டுப் போனான்."

எனக்குப் புரிய ஒரு நிமிடம் ஆனது. புரிந்ததும் உட்கார்ந்துவிட்டேன். எர்வின் இறங்கவே இல்லையோ? வேலைக்கு வந்ததாகக் கணக்கில் இருக்கட்டும் என்று கூட்டாளி அவன் விளக்கை மட்டும் கீழே கொண்டுபோய் எங்காவது மாட்டி வைத்தானோ? அப்படியானால் ஆஹிம் ஒரு விளக்குக்காக அந்தப் பாறைக்கடியில் படுத்துக் கிடக்கிறான்.

"போய்ச் சொல்லு," என்றேன்.

"இல்லைன்னா?" என்றாள். "அவன் உள்ளதான் இருந்தா? நான் சொல்லி, தோண்டறத நிறுத்தி, அவன் அங்க உயிரோட கெடந்தா? எம் மகனக் காப்பாத்த அடுத்தவ மகனப் புதைச்சவளா ஆயிடுவேனேடி."

 எனக்குப் பிள்ளை இல்லை. ஆனாலும் அந்தப் பயம் என்னையும் தொற்றிக்கொண்டது.

முதலில் ஆண்கள் குளிக்கும் கூடத்துக்குப் போய்ப் பார்த்தோம். அங்கே ஒவ்வொருவனுக்கும் ஒரு சங்கிலி. வீட்டு உடுப்பைக் கழற்றிக் கொக்கியில் மாட்டி, கூரை வரைக்கும் தூக்கிப் பூட்டிவிட்டுப் போவார்கள். எர்வின் சங்கிலியை அண்ணாந்து பார்த்தோம். ஒரு சட்டையும் பழைய ஷூவும் தொங்கின. வீட்டு உடுப்பு மேலே தொங்கினால் ஆள் கீழே இருக்கிறான் என்று அர்த்தம். ட்ரூடா முகம் செத்துப்போனது.

வெளியே, வாசல் கம்பியைப் பிடித்தபடி எர்வின் மனைவி மார்லேனா நின்றுகொண்டிருந்தாள். ட்ரூடா அவளிடம் போனாள்.

"மார்லேனா, காலைல அவன் என்ன ஷூ போட்டுட்டுப் போனான்?"

அந்தப் பெண் இவளைப் பைத்தியத்தைப் பார்ப்பது போலப் பார்த்தாள். "ஷூவா? புதுசு. போன வாரம் வாங்கினது. சாம்பல் நிறம். வழுக்கவே வழுக்காதுன்னு காட்டிக்கிட்டே இருந்தான்."

சுரங்கத்தில் யாரும் வீட்டு ஷூவோடு இறங்குவதில்லை. அங்கே தருகிற பூட்ஸ்தான். அவன் இறங்கியிருந்தால் அந்தப் புது ஷூதான் கொக்கியில் தொங்கியிருக்க வேண்டும். வழுக்காத ஷூ கூரையில் நடக்கிறவனுக்குத்தான் வேண்டும். கொக்கியில் தொங்கிய பழைய ஷூ, பார்க்கிறவனை ஏமாற்ற ரூஃபினோ அவனோ மாட்டி வைத்தது.

கீழே உள்ளவர்களோடு தொலைபேசியில் பேசுகிற அதிகாரி முஸ்யோல், கண்ணாடி அறைக்குள் இருந்தார். ட்ரூடா எல்லாவற்றையும் சொன்னாள், குளறிக் குளறி. அவர் பொறுமையாகத்தான் கேட்டார்.

"ட்ரூடாம்மா, விளக்குச் சத்தம் கேக்குது. உடுப்பு மேல தொங்குது. நீங்க ஷூவப் பத்திச் சொல்றீங்க."

"அவன் இறங்கலைங்க. எனக்குத் தெரியும்."

"பாத்தீங்களா?"

"இல்ல. பாக்கலைங்கறதத்தான் சொல்றேன்."

அவர் தொலைபேசியை எடுத்துக் கீழே பேசினார். கேட்டுக்கொண்டிருந்துவிட்டு வைத்தார். முகத்தைத் தடவிக்கொண்டார். "உங்க பையன் கிட்டயே சொல்லச் சொன்னேன். அம்மாவுக்கு மறுபடி மாரடைப்பு வந்திருக்கும், ஒரு ரொட்டி வாங்கிக் குடுங்கன்னான். சத்தம் நல்லாக் கேக்குதாம், இன்னும் கொஞ்சந்தானாம்."

ட்ரூடா கதவை விட்டு நகரவில்லை.

"ஆள் மேல இருக்கான்னா என் முன்னாடி கொண்டு வந்து நிறுத்துங்க," என்றார் அவர். "இல்ல, அவன் வாயால பேசட்டும். அதுவரைக்கும் நிறுத்த முடியாது. நிறுத்தவும் கூடாது. உங்களுக்கே தெரியும்."

தெரியும். கீழே ஒருத்தன் இருக்கிறான் என்றால் விட்டுவிட்டு வர மாட்டோம். அதை நம்பித்தான் எங்கள் ஆண்கள் இறங்குகிறார்கள்.

எர்வினின் போன் அணைந்து கிடந்தது. காட்டோரத்துப் புதுக் குடியிருப்பில் இப்போது தகடு மாட்டுகிற வேலை ஓடுகிறது என்று மார்லேனா சொன்னாள். "ஆனா அது சனிக்கிழமைதானே போவான்," என்றாள்.  அவள் முகத்தில் ஒரே சமயத்தில் நம்பிக்கையும் கோபமும் வந்ததைப் பார்த்தேன்.

என் பழைய காரில் போனோம். காரில் போவதென்றாலே ட்ரூடா, "மெதுவா, மெதுவா" என்று உயிரை வாங்குவாள். அன்றைக்கு, "மிதிடி" என்றாள். குடியிருப்பில் நுழைந்ததும் ஒவ்வொரு கூரையாக அண்ணாந்து பார்த்துக்கொண்டே போனோம். வீடு தவறாமல் தகடு. வெயில் பட்டு எல்லாம் கண்ணைக் கூசவைத்தது. என் பிழைப்பைக் கெடுக்க வந்த சனியன்கள் என்று எத்தனையோ முறை அவற்றைத் திட்டியிருக்கிறேன். அன்றைக்கு ஒரு கூரையில் ஆள் தெரிந்தால் போதும் என்று வேண்டிக்கொண்டேன்.

கடைசித் தெருவில் மூன்று மாடி வீடு ஒன்று. மேலே ஆட்கள் வேலை செய்துகொண்டிருந்தார்கள். தலையில் தொப்பி, முதுகு இந்தப் பக்கம். துளைபோடும் இயந்திரச் சத்தம். நான் காரிலிருந்து இறங்கி, "எர்வின்" என்று தொண்டை கிழியக் கத்தினேன். ஒருத்தனும் திரும்பவில்லை.

கீழே நின்ற மேஸ்திரி வந்தான். "யாரத் தேடறீங்க?"

"எர்வின். இந்த ஊர்ப் பையன். சாம்பல் ஷூ."

"எர்வின்னு இங்க யாரும் இல்ல." சொல்லிவிட்டுத் தரையைப் பார்த்தான். பொய்யா, மெய்யா, தெரியவில்லை. கணக்கில் காட்டாமல் ஆள் வைக்கிற இடத்தில் பேர் கேட்டு வருகிறவர்களை யாருக்குப் பிடிக்கும்?

நான் அவனோடு சண்டை பிடிக்கத் தயாரானேன். திரும்பிப் பார்த்தால் ட்ரூடா என் பக்கத்தில் இல்லை. ஏணியில் இருந்தாள்.

நாற்காலி மேல் ஏறாதவள். லிஃப்டில் கண்ணை மூடிக்கொள்கிறவள். அலுமினிய ஏணியில், விளக்கறைக் கவுனோடு, ஒரு கையில் போனைப் பிடித்துக்கொண்டு ஏறிக்கொண்டிருந்தாள். ஏணி ஆடியது. மேஸ்திரி ஓடிப்போய் அடியைப் பிடித்தான். நானும் பிடித்தேன். மேலே பார்க்கவே எனக்குப் பயமாக இருந்தது. பாதியில் நின்றாள். வெகு நேரம் அசையவில்லை. அவ்வளவுதான், இனி ஏறவும் மாட்டாள் இறங்கவும் மாட்டாள் என்று நினைத்தேன். அப்புறம் மறுபடி ஏறினாள்.

எர்வின் புகைபோக்கிக்குப் பின்னால் குந்தியிருந்தான். என் குரல் கேட்டதுமே சுரங்க நிர்வாகம் பிடிக்க வந்துவிட்டது என்று ஒளிந்துகொண்டானாம் மடையன். அங்கே என்ன நடந்தது என்று அவனே பிறகு சொன்னான். அத்தை ஓடுகள் மேல் தவழ்ந்து வந்தாள். அவன் முகத்தைப் பார்த்தாள். திட்டவில்லை, அழவில்லை. முஸ்யோலுக்குப் போன் போட்டு அவன் வாயருகே வைத்தாள்.

"பேசு."

"அத்த, என் வேல போயிடும். மூடற வரைக்கும் பேர் இருந்தாத்தான் நஷ்டஈடு..."

"ரூஃபின் நினைவில்லாமக் கெடக்கான். ஆஹிம் உன் விளக்கத் தோண்டிக்கிட்டு இருக்கான். பேசுடா."

பேசினான். முஸ்யோல் நம்பவில்லை. உன் குரல் எனக்கு எப்படித் தெரியும் என்று, தன் போனைச் சுரங்கத் தொலைபேசியோடு சேர்த்து வைத்து, கீழே ஆஹிமையே கேட்கச் சொன்னார். கல்லுக்கடியிலிருந்து ஊர்ந்து பின்னால் வந்து ஆஹிம் பேசினான்.

"யாரு?"

"நான்தான்டா. எர்வின்."

"எங்க அம்மா யாரையோ பேச வெச்சிருக்கா."

"உன் நீலப் பொட்டைப் புறா என் கூண்டுக்கு வந்துச்சே. நான் திருடிட்டேன்னு என் பல்ல ஒடச்சியே. நான் திருடலடா. அதுவாத்தான் வந்துச்சு."

அந்தப் பக்கம் மூச்சு மட்டும் கேட்டதாம்.

"எங்கடா இருக்க?"

"கூரை மேல."

"நாயே," என்றான் ஆஹிம். பிறகு தன் ஆட்களிடம், "எல்லாரும் வெளிய. அங்க ஆள் இல்ல," என்று சொன்னது கேட்டது. தொலைபேசியை வைத்துவிட்டார்கள்.

அடுத்து நடந்தது எனக்கே தெரியும். கையில் பிடித்திருந்த ஏணி நடுங்கியது. மேலே தகடுகள் எல்லாம் சட்டத்தில் கடகடவென்று அடித்துக்கொண்டன. ஒரு ஓடு என் பக்கத்தில் விழுந்து உடைந்தது. மேலேயிருந்து ட்ரூடாவின் சத்தம் வந்தது. அவள் கத்தியது அந்த நாளில் அந்த ஒரு முறைதான். அதை என்னால் எழுத முடியாது.

முஸ்யோலின் போனை யாரும் எடுக்கவில்லை. எர்வின் முன்னால் இறங்கி, ஒவ்வொரு படியிலும் அவள் காலைப் பிடித்து வைத்து வைத்து, அவளைக் கீழே கொண்டுவந்தான். காரில் மூன்று பேரும் ஒரு வார்த்தை பேசவில்லை. அந்தப் பாறையிடுக்கிலிருந்து வெளியே வரும் வழி நீளமானது, குனிந்துதான் வர வேண்டும் என்று எல்லாருக்கும் தெரியும். பேசினால் அதைத்தான் பேச வேண்டும்.

சுரங்க வாசலில் எர்வின் இறங்கியதும் மார்லேனா அவன் கன்னத்தில் அறைந்தாள். அப்புறம் அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. நாங்கள் அதைப் பார்த்துக்கொண்டு நிற்கவில்லை. விளக்கறைக்குப் போய் எங்கள் இடத்தில் நின்றோம். வேறு எங்கே போவது? மீட்புப் படையின் மாட்டிகள் காலியாக இருந்தன. ட்ரூடா அவற்றையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

லிஃப்டு வந்தது. மண் பூசிய முகங்களோடு இறங்கி வந்தார்கள். ஒருத்தன் கையைத் தூக்கிக் கட்டியிருந்தான். கடைசியில் ஆஹிம். அவர்கள் படுத்துக் கிடந்த இடம் முழுக்க இறங்கிவிட்டதாம். எர்வினின் விளக்கு அதற்குப் பின்னால் இன்னும் சத்தம் கொடுத்துக்கொண்டிருக்கிறதாம்.

ஆஹிம் விளக்கை ஜன்னலில் வைத்தான். நான் கையை நீட்டினேன். ட்ரூடா என் கையைத் தட்டிவிட்டுத் தானே எடுத்தாள். எடுத்து வயிற்றோடு அணைத்துக்கொண்டாள். மாட்டியில் மாட்ட வெகு நேரமாயிற்று.

எர்வின் கதவருகே நின்றான். ஆஹிம் அவனை அடிக்கப் போகிறான் என்று நினைத்தேன். அடிக்கவில்லை. "உன் விளக்கோட பேசிக்கிட்டே தோண்டினேன்டா," என்றான். "இருடா எர்வின், பயப்படாதடா, வந்துட்டேன்னு." அதைச் சொல்லிவிட்டுக் குளிக்கப் போய்விட்டான். அவனும் எர்வினும் இன்றுவரை பேசிக்கொள்வதில்லை.

ரூஃபின் பிழைத்தான். தடியூன்றி நடக்கிறான். அந்தக் காலை அவனுக்கு நினைவில்லை, அல்லது இல்லை என்கிறான். எர்வினை வேலையிலிருந்து நீக்கிவிட்டார்கள். இப்போது வாரம் முழுக்கக் கூரையில்தான். இரண்டாள் பார்க்க வேண்டிய இடத்தில் ரூஃபினைத் தனியாக விட்டதை எண்ணி அவன் குடிக்கிறான் என்று கேள்வி.

ட்ரூடாவை இப்போது யாரும் தொடைநடுங்கி என்று சொல்வதில்லை. ஏணியில் ஏறிய கதை சுரங்கம் முழுக்கத் தெரியும். யார் வந்தாலும் முகத்தைப் பார்க்காமல் விளக்குத் தர மாட்டாள். வரிசையில் கத்தினாலும் சரி, லிஃப்டு மணியடித்தாலும் சரி. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் மார்லேனா பாலாடைக்கட்டி கேக் செய்து கொண்டுவந்து தருகிறாள். "எம் புருஷன் இருக்கான்னு நிரூபிச்சவங்க நீங்க" என்று கையைப் பிடித்துக்கொள்கிறாள். ட்ரூடா அந்தக் கேக்கை ஒரு வாய் தின்று நான் பார்த்ததில்லை. எல்லாம் என்னிடமே வந்து சேரும்.

போன திங்கட்கிழமை, வரிசை வருமுன் கேட்டேன். "நல்லாத்தானே செஞ்சிருக்கா. தின்னா என்னவாம்?"

அவள் ஜன்னல் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். துடைப்பதை நிறுத்தவில்லை.

"பாதி ஏணில நின்னேனே, ஞாபகமிருக்கா?"

"பயந்து நின்னே."

"பயந்தேன். மேல இருக்கறது எர்வின் இல்லைன்னா என்ன பண்றதுன்னு. மேஸ்திரி இல்லைன்னுட்டான். தொப்பியும் முதுகுந்தான் தெரிஞ்சுச்சு. அங்க வேற எவனாவது இருந்தா?"

"இருந்தா திரும்பி வந்திருப்ப. அவங்க தோண்டியிருப்பாங்க."

"இல்லடி." அவள் குரல் இறங்கியது. "எவனா இருந்தாலும் சரி, நான் எர்வின்தான்னு அவன போன்ல சொல்ல வெச்சிடணும்னு முடிவு பண்ணேன். கால்ல விழுந்தாவது. அத முடிவு பண்ணதுக்கப்புறந்தான் காலு நகந்துச்சு."

 நான் கேட்டேன். "எர்வின் கீழ உயிரோட கெடந்திருந்தா?"

"கெடக்கட்டும்னுதான் ஏறினேன்."

 ஜன்னலுக்கு முதல் ஆள் வந்து "கடவுள் துணை" என்றான். ட்ரூடா அவன் முகத்தை நன்றாகப் பார்த்துவிட்டு, விளக்கை எடுத்துக் கொடுத்தாள்.